சிரிப்புப் பந்தியில் கடைசி இலை யாருக்கு?

ஞாயிற்றுக்கிழமை இரவு. வெளியே மழை கொட்டுகிறது. மலை முழுவதும் மூடுபனி. பத்தடி தூரத்தில் நிற்கும் மரம் கூடத் தெரியவில்லை.

ஓவேலியில் ஒரு தோட்டத்து லைன் வீடு. அடுப்பில் ரொட்டி வேகிறது. அம்மியில் தேங்காய்ச் சம்பல் அரைபடுகிறது. தாத்தா, பாட்டி, அப்பா, இரண்டு பிள்ளைகள் எல்லோரும் டெலிவிஷன் முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். ஆளுக்கொரு தட்டு.

டெலிவிஷனில் கவுண்டமணி உறுமுகிறார். செந்தில் திருதிருவென்று விழிக்கிறார். ஒரு வாழைப்பழம் இருக்கிறது. இன்னொரு பழத்தைக் காணோம்!

வீடு முழுவதும் ஒரே சிரிப்பு. தாத்தாவுக்குப் புரை ஏறிவிடுகிறது. அடுப்படியில் இருக்கும் அம்மாவும் சிரிக்கிறாள். அங்கிருந்து பார்த்தால் படம் தெரியாது. காதால் கேட்டே சிரிக்கிறாள். அத்தனை தடவை பார்த்த காட்சி!

இது யாருடைய வீடு? பெயர் வேண்டாம். மலையில் இப்படி எத்தனையோ வீடுகள் உண்டு.

ஒரு வாழைப்பழத்தில் அப்படி என்ன சிரிப்பு இருக்கிறது? எழுபது வயதுத் தாத்தாவும் ஏழு வயதுப் பேத்தியும் ஒன்றாகச் சிரிக்கிறார்களே, அது ஏன்?

தமிழ்ப் படங்களில் மக்கள் மறக்காத சிரிப்புக் காட்சிகளை எண்ணிப் பாருங்கள். அவற்றில் பல, சாப்பாட்டைச் சுற்றியே வரும். விருந்து, பந்தி, ஓட்டல், பரோட்டாக் கடை! அந்தச் சிரிப்புக்குப் பின்னால் ஒரு கேள்வி ஒளிந்திருக்கிறது.

"யாருக்கு எவ்வளவு பங்கு?"

இதுதான் அந்தக் கேள்வி.

அரிசியை அளந்த மலை

இந்தக் கேள்வியின் பொருள் ஓவேலி மக்களுக்கு நன்றாகத் தெரியும்.

நீலகிரி மாவட்டத்தில், கூடலூருக்குப் பக்கத்தில் இருக்கிறது ஓவேலி. ஆக்டர்லோனி என்ற வெள்ளைக்காரரின் பெயரால் அழைக்கப்பட்ட பள்ளத்தாக்கு அது. நீண்ட பெயர் ஆயிற்றே! வாயில் நுழையவில்லை. முதல் எழுத்து மட்டும் நின்றது. பள்ளத்தாக்குக்கு ஆங்கிலத்தில் "வேலி" என்று பெயர். இரண்டும் சேர்ந்து "ஓவேலி" ஆயிற்று. முதலில் காபி பயிரிட்டார்கள். பிறகு தேயிலை வந்தது. இன்று சூண்டி, எல்லமலை, பெரியசோலை என்று மலைச் சரிவெங்கும் சிற்றூர்கள்.

இந்தப் பக்கத்து மக்களில் பலர் இலங்கையிலிருந்து திரும்பி வந்த குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். 1964-ம் ஆண்டு இந்தியப் பிரதமர் லால்பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயகாவும் ஓர் ஒப்பந்தம் செய்தார்கள். இலங்கைத் தோட்டங்களில் பாடுபட்ட தமிழர்களில் 5 லட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியா ஏற்பது என்று முடிவாயிற்று. பின்னர் கப்பலேறி வந்தவர்களில் ஏராளமானோர் கூடலூர், பந்தலூர் பகுதிகளில் குடியேறினார்கள்.

அவர்கள் மூட்டை முடிச்சோடு சமையலையும் கொண்டுவந்தார்கள். கோதுமை மாவு ரொட்டியும், தேங்காய்ச் சம்பலும், பால் கலக்காத தேத்தண்ணியும் அப்படி வந்தவை.

பழைய தோட்டங்களில் அரிசியை அளந்துதான் கொடுப்பார்கள். அதன் விலையைச் சம்பளத்தில் பிடித்துக்கொள்வார்கள். ஒரு பிடி கூடினாலும் குறைந்தாலும் வீட்டில் தெரிந்துவிடும்.

அப்படி வாழ்ந்த குடும்பத்தில் பிறந்தவருக்கு, ஒரு வாழைப்பழம் காணாமல் போவது சின்ன விஷயமா?

இரண்டு பழம், ஒரு ரூபாய்

"கரகாட்டக்காரன்" படம் 1989-ல் வெளிவந்தது. கங்கை அமரன் டைரக்டு செய்த படம். அதில் கவுண்டமணி தவில் அடிப்பவர். செந்தில் நாதஸ்வரம் வாசிப்பவர்.

ஒரு ரூபாயைக் கொடுத்து இரண்டு பழம் வாங்கி வரச் சொல்கிறார் கவுண்டமணி. செந்தில் வாங்குகிறார். வழியில் ஒன்றைத் தின்றுவிடுகிறார். மிச்சம் ஒன்றைக் கொண்டுவந்து கொடுக்கிறார். "இன்னொரு பழம் எங்கே?" என்று கேட்டால், கையில் இருப்பதையே காட்டுகிறார்!

கணக்கு தவறு என்று எல்லோருக்கும் தெரியும். செந்திலுக்கும் தெரியும். ஆனாலும் சாதிக்கிறார்.

அவர்கள் யார்? ஊர் ஊராகப் போய் ஆடிப் பிழைக்கும் குழுவினர். ஒருவர் அதட்டுகிறார். மற்றவர் அடி வாங்குகிறார். அடி வாங்குகிறவர் அன்றைக்கு ஒரு பழத்தைத் தின்றுவிட்டார். இனி எத்தனை அடி விழுந்தாலும், வயிற்றுக்குள் போன பழம் திரும்பி வராது!

மக்கள் அந்தச் சின்ன வெற்றியைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள்.

ஏழை உறவினரின் விருந்து

இன்னொரு காட்சி. இதில் ஒரு பழம் அல்ல. கல்யாண விருந்தே காலியாகிறது!

1957-ல் வந்த "மாயாபஜார்" படத்தை யாரால் மறக்க முடியும்? கே.வி.ரெட்டி டைரக்டு செய்த விஜயா நிறுவனத்துப் படம். கடோத்கஜனாக வந்தவர் எஸ்.வி.ரங்காராவ். சமையல் கட்டுக்குள் புகுந்து, கண்டதையெல்லாம் அள்ளி விழுங்குகிறார். பட்சணங்கள் தாமாகவே பறந்து வந்து வாய்க்குள் விழுகின்றன. ஒளிப்பதிவாளர் மார்க்கஸ் பார்ட்லியின் கேமரா ஜாலம் அது. பிள்ளைகள் கைதட்டிக் கூத்தாடினார்கள்.

ஆனால் அது யாருக்காகச் சமைத்த விருந்து?

கதையை நினைத்துப் பாருங்கள். பலராமரின் மகள் வத்சலாவை அபிமன்யுவுக்குக் கொடுப்பதாக முதலில் பேச்சு. பிறகு பாண்டவர்கள் நாட்டை இழந்தார்கள். கையில் காசில்லாத உறவு கசந்துவிட்டது! பெண்ணைத் துரியோதனன் மகனுக்குக் கொடுக்க ஏற்பாடு நடக்கிறது. அந்தப் பணக்காரச் சம்பந்திகளுக்காகத்தான் விருந்து தயாராகிறது.

அதைத்தான் கடோத்கஜன் தீர்த்துக் கட்டுகிறான். அவன் யார்? ஒதுக்கப்பட்ட வீட்டுப் பிள்ளை. அபிமன்யுவின் அண்ணன் முறை.

சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் பின் வரிசையில் உட்கார வைக்கப்பட்டவர்கள் எத்தனை பேர்! அவர்கள் எல்லோருக்குமாகச் சேர்த்து ரங்காராவ் சாப்பிட்டார். ஏப்பமும் விட்டார்!

பரிமாறுகிறவன் பசி

சாப்பிடுகிறவனை வைத்துச் சிரிக்க வைப்பது ஒரு வகை. பரிமாறுகிறவனை வைத்துச் சிரிக்க வைப்பது மற்றொரு வகை. இதில் சிரிப்பு நடிகர் நாகேஷுக்கு ஈடு இல்லை.

"சர்வர் சுந்தரம்" 1964-ல் வந்தது. கே.பாலசந்தர் எழுதிய கதை. கிருஷ்ணன்-பஞ்சு டைரக்டு செய்தார்கள். ஓட்டலில் பாத்திரங்களை அடுக்கிச் சுமந்துகொண்டு, மேஜைகளுக்கு நடுவே நாகேஷ் வளைந்து நெளிந்து போவார். எங்கே விழுந்துவிடுமோ என்று பார்ப்பவர்களுக்குப் பதறும். ஊருக்கெல்லாம் பரிமாறுகிற சுந்தரம், தனக்கென்று ஓர் அன்பு கிடைக்காதா என்று ஏங்குகிறான். பெரிய நடிகனாக உயர்ந்த பிறகும் அந்த ஏக்கம் தீரவில்லை.

நான்கு ஆண்டுகள் கழித்து, 1968-ல் "எதிர்நீச்சல்" வந்தது. பாலசந்தர் டைரக்டு செய்த படம். அதில் நாகேஷ் ஓர் அநாதை. பெயர் மாது. பல குடித்தனங்கள் இருக்கும் ஒரு வீட்டில், மாடிப்படிக்குக் கீழே அவன் வாசம். எல்லாக் குடித்தனங்களுக்கும் எடுபிடி வேலை செய்கிறான். அவர்கள் கொடுக்கும் மிச்சச் சோற்றைத் தின்று படிக்கிறான்.

ஒரு வீட்டில் ஆறிய சோறு. இன்னொரு வீட்டில் வேறு ஏதோ மிச்சம். எல்லோருடைய சோற்றையும் தின்கிறான். ஆனால் எந்த வீட்டுப் பந்தியிலும் அவனுக்கு இலை கிடையாது.

நாகேஷின் சேட்டையைப் பார்த்து மக்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். வீட்டுக்கு வந்த பிறகு, "பாவம், அந்தப் பிள்ளை!" என்றார்கள்.

வெறும் தட்டில் விருந்து

பசியைவிடப் பெரியது ஒன்று உண்டு. அதுதான் மானம்!

1980-ல் வந்த "வறுமையின் நிறம் சிவப்பு" படத்தில் ஒரு காட்சி. டில்லியில் வேலை தேடி அலையும் இளைஞர்கள். கமல்ஹாசன் அவர்களில் ஒருவர். சமைக்க ஒன்றும் இல்லை. வயிறு காய்கிறது. ஆனால் அது வெளியாருக்குத் தெரியக் கூடாது. எனவே பெரிய விருந்து நடப்பதுபோல் பாசாங்கு செய்கிறார்கள். தட்டு இருக்கிறது. பேச்சு இருக்கிறது. சோறுதான் இல்லை!

தியேட்டரில் முதலில் சிரிப்பு எழும். பிறகு அது மெல்ல அடங்கும். கண்ணைத் துடைத்துக்கொண்டவர்களும் உண்டு.

பாலசந்தர் 1967-ல் எடுத்த "பாமா விஜயம்" இதற்கு நேர் எதிர். அந்தக் குடும்பத்தில் சோற்றுக்குக் குறைவில்லை. அண்ணன் தம்பி மூன்று பேர், மருமகள்கள் மூன்று பேர், பெரியவராக டி.எஸ்.பாலையா. பக்கத்து வீட்டுக்கு ஒரு சினிமா நடிகை குடிவருகிறாள். அவ்வளவுதான்! அவள் முன்னால் பணக்காரர்களாகக் காட்டிக்கொள்ள மருமகள்களிடையே போட்டி. கடன் வாங்கிச் சாமான் சேர்க்கிறார்கள்.

இல்லாததை இருப்பதாகக் காட்டிய இளைஞர்களுக்காக மக்கள் இரங்கினார்கள். இருப்பது போதாமல் ஆடம்பரம் காட்டியவர்களைக் கண்டு சிரித்தார்கள். நடிப்பு ஒன்றுதான். வயிறு வேறு!

சாப்ளின் வேகவைத்த பூட்ஸ்

இந்த விஷயம் தமிழ்நாட்டுக்கு மட்டும் சொந்தமானதல்ல. உலகத்தையே சிரிக்க வைத்த சார்லி சாப்ளின், லண்டனில் பட்டினி கிடந்து வளர்ந்தவர். ஏழு வயதில் ஏழைகள் விடுதியில் சேர்க்கப்பட்டவர்.

1925-ல் அவர் எடுத்த "தங்க வேட்டை" படத்தில், பனிமலைக் குடிசையில் இரண்டு பேர் மாட்டிக்கொள்கிறார்கள். உணவு இல்லை. சாப்ளின் தன் காலில் இருந்த பூட்ஸைக் கழற்றி வேகவைக்கிறார். விருந்து பரிமாறுவதுபோல் மரியாதையாகப் பங்கு வைக்கிறார். பூட்ஸ் கயிற்றைச் சேமியாபோல் சுருட்டித் தின்கிறார். ஆணியை எலும்புபோல் சப்புகிறார்! அந்த பூட்ஸ் உண்மையில் அதிமதுர மிட்டாயால் செய்யப்பட்டது.

பட்டினியிலும் பங்கு வைக்க மறக்கவில்லை, பாருங்கள்!

1936-ல் வந்த "மாடர்ன் டைம்ஸ்" படத்தில் ஓர் எந்திரம் வருகிறது. தொழிலாளிக்குச் சோறு ஊட்டும் எந்திரம். எதற்காக? சாப்பாட்டு நேரத்தை மிச்சப்படுத்தி, அந்த நேரத்திலும் வேலை வாங்குவதற்காக! எந்திரத்துக்குப் பைத்தியம் பிடித்து, சாப்ளினின் வாயை ஒரு வழி செய்துவிடுகிறது.

தோட்டத் தொழிலாளிக்கு இந்தக் காட்சியை விளக்க வேண்டியதில்லை. கொழுந்து பறிப்பவருக்கு எடைதான் கணக்கு. சாப்பிடும் நேரத்தில் கூடை நிறையாது. அதனால்தான் சாப்பாட்டு நேரத்துக்கும் சட்டம் தேவைப்பட்டது. ஐந்து மணி நேர வேலைக்கு மேல் போவதற்குள், அரை மணி நேரமாவது ஓய்வு தர வேண்டும் என்று 1951-ம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் விதித்தது.

சாம்பாரில் விழுந்த மீன்

சமைக்கிறவருக்கும் மானம் உண்டு.

1990-ல் வந்த "மைக்கேல் மதன காம ராஜன்" படத்தில் கமல்ஹாசனுக்கு நான்கு வேடம். அவற்றில் ஒன்று, பாலக்காட்டுச் சமையல்காரர் காமேஸ்வரன். வசனம் கிரேசி மோகன். சைவக் கல்யாண விருந்து. கொதிக்கும் சாம்பாரில் ஒரு மீன் விழுந்துவிடுகிறது! காமேஸ்வரன் துடிக்கிற துடிப்பு இருக்கிறதே!

கல்யாண வீட்டில் உப்பு கொஞ்சம் குறைந்தாலே சம்பந்திச் சண்டை வரும். மீனே விழுந்தால் கேட்க வேண்டுமா? எல்லோரும் சாப்பிட்டு வாழ்த்தினால், பெயர் கல்யாண வீட்டாருக்கு. ஏதாவது கெட்டுப்போனால், பழி சமையல்காரருக்கு! வீட்டில் சமைக்கிற தாய்மார்கள் இந்தக் காட்சிக்கு ஒரு பிடி கூடுதலாகச் சிரிப்பதில் வியப்பில்லை.

"கோட்டை எல்லாம் அழி!"

2009-ல் "வெண்ணிலா கபடி குழு" வந்தது. சுசீந்திரன் டைரக்டு செய்தார். பரோட்டாக் கடையில் ஒரு பந்தயம். 50 பரோட்டா தின்ன வேண்டும். கடைக்காரர் கோடு போட்டு எண்ணுகிறார். கணக்கில் கடைக்காரர் ஏமாற்றப் பார்க்கிறார் என்று தகராறு. உடனே சூரி சொல்கிறார்: கோட்டை எல்லாம் அழித்துவிடு, முதலிலிருந்து ஆரம்பிக்கலாம்!

கடைக்காரர் கதிகலங்கிப் போகிறார். அந்த ஒரு காட்சியால் "பரோட்டா சூரி" என்ற பெயரே வந்துவிட்டது.

ஏழையை ஏமாற்ற, எப்போதும் கணக்குத்தான் கருவி. அந்தக் கணக்கையே அழித்துவிட்டு, "மறுபடி தின்கிறேன், வா!" என்கிறான் ஓர் ஏழை. அதைக் கண்டு சிரிக்காதவர் யார்?

சிரிப்பு எப்போது நிற்கும்?

சாப்பாட்டுச் சிரிப்பு எந்த இடத்தில் நிற்கும் என்பதைக் காட்டிய படமும் உண்டு. பாலா டைரக்டு செய்த "பரதேசி". 2013-ல் வெளிவந்தது. தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் பழைய துயரத்தைச் சொன்ன படம்.

அதன் முற்பகுதியில் கதாநாயகன் அதர்வா, தமுக்கு அடித்து ஊருக்குச் சேதி சொல்லும் வெள்ளந்திப் பையன். கல்யாண விருந்து ஒன்றில் அவனுக்குச் சோறு கிடைக்காமல் ஏங்க வைக்கிறார்கள். கேலியாகத் தொடங்குகிறது. கண்ணீரில் முடிகிறது.

பிறகு அந்த ஊரே கங்காணியின் ஆசை வார்த்தையை நம்பி மலையேறுகிறது. எதற்காக? வயிற்றுக்காக!

இலை போட்டு உட்கார வைத்துவிட்டுச் சோறு போடாமல் போனால், அதைவிடப் பெரிய அவமானம் தமிழனுக்கு வேறு இல்லை. பந்தியில் இடம் என்பது ஊரில் இடம். இலை என்பது மரியாதை. எதிரியானாலும் வாசலுக்கு வந்தவரை, "சாப்பிட்டீர்களா?" என்று கேட்கிற நாடு இது.

படத்தில் இல்லாத காட்சி

இத்தனை படங்களையும் பார்த்தாயிற்று. தின்பவன் வந்தான். பரிமாறுகிறவன் வந்தான். ஏங்குகிறவனும் வந்தான். ஆனால் இவற்றின் பெயர்பெற்ற சாப்பாட்டுக் காட்சிகளில் ஒருவர் மட்டும் நடுவில் வந்து நிற்கவில்லை.

வீட்டில் கடைசியாகச் சாப்பிடுகிற அம்மா!

எல்லோருக்கும் போட்டுவிட்டு, சட்டியில் மிஞ்சியதை வழித்துச் சாப்பிடுகிறவள். மிஞ்சாவிட்டால், "நான் அப்பவே சாப்பிட்டேன்" என்கிறவள். வெறும் தட்டில் விருந்து சாப்பிட்டதாகக் கமல்ஹாசன் நடித்தது ஒரே ஒரு காட்சியில். எத்தனையோ தாய்மார்கள் அதைத் தினந்தோறும் நடிக்கிறார்கள். கைதட்டத்தான் ஆள் இல்லை.

தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். காலையில் சமைத்து வைத்துவிட்டு மலை ஏறுகிறார்கள். மாலையில் இறங்கி வந்து மறுபடி அடுப்பு மூட்டுகிறார்கள். நாள் முழுவதும் குளிரிலும் மழையிலும் நின்று உழைத்த உடம்புக்கு, வீட்டின் கடைசிப் பங்குதான் கிடைக்கிறது. இது சிரிக்கிற கணக்கு அல்ல.

இன்னொன்று எங்கே?

ஓவேலி வீட்டுக்குத் திரும்புவோம்.

டெலிவிஷனில் பழக் காட்சி முடிந்துவிட்டது. விளம்பரம் ஓடுகிறது. ஏழு வயதுப் பேத்தி தட்டோடு அடுப்படிக்குப் போகிறாள். கவுண்டமணிபோல இடுப்பில் கை வைத்து நிற்கிறாள். குரலை முரடாக்கிக்கொள்கிறாள்.

"எல்லாருக்கும் ரெண்டு ரொட்டி. உன்னோடது எங்கேம்மா?"

"நான் அப்பவே சாப்பிட்டுட்டேன்டி."

சிறுமி விடவில்லை. சட்டியை எட்டிப் பார்க்கிறாள். ஒரு துண்டு கூட இல்லை. செந்தில் பொய் சொன்னபோது வீடே சிரித்தது. இந்தப் பொய்க்கு அவள் சிரிக்கவில்லை.

தன் தட்டில் இருந்த ரொட்டியை இரண்டாகப் பிட்டாள். பெரிய துண்டை அம்மாவிடம் நீட்டினாள்.

"இந்தா, இதுதான் அந்த இன்னொன்னு!"

இப்போது அம்மா சிரித்தாள். பாட்டி எழுந்து போய், மாவு டப்பாவைத் திறந்தாள். அப்பா நகர்ந்து, தன் பக்கத்தில் இடம் விட்டார்.

வாசகர்களே! இன்று இரவு உங்கள் வீட்டிலும் ஏதாவது ஒரு சிரிப்புப் படம் ஓடலாம். நன்றாகச் சிரியுங்கள். சிரித்து முடித்த பிறகு, ஒரே ஒரு நிமிடம் எழுந்து போய்ச் சட்டியைப் பாருங்கள்.

கடைசி இலைக்கு ஏதாவது இருக்கிறதா?